இருபத்து மூன்று தட்டு

எங்கள் கணக்கு வாத்தியாருக்கு ஒரு பழக்கம். யாராவது "எல்லா எண்ணும்" என்று ஆரம்பித்தால், அதை உடைக்க ஓர் எண் கொண்டுவா என்பார். ஒன்றே ஒன்று போதும், சொன்னது பொய்யாகிவிடும். திண்டுக்கல்லில் நான் ஆறாம் வகுப்புப் படித்தபோது அவர் பகா எண்ணும் பகு எண்ணும் நடத்தினார். எனக்கு அது தலைக்கேறிவிட்டது. கத்தரிக்காயைக்கூடச் சம வரிசையாக அடுக்கிப் பார்ப்பேன்.

அந்தச் சமயத்தில்தான் சித்திக்கு நிச்சயம் வந்தது. மாப்பிள்ளை குஜிலியம்பாறைப் பக்கம், நிலபுலன் உள்ளவர். முதல் மனைவி தவறிவிட்டாள், வயதும் கொஞ்சம் கூடுதல். அதை எங்கள் வீட்டில் யாரும் சத்தமாகச் சொல்லவில்லை.

அவர்கள் இருபத்தோரு தட்டில் சீர் கொண்டுவந்து கூடத்தில் பரப்பினார்கள். பெரிய மாமா எண்ணிப் பார்த்துத் திருப்தியாகச் சொன்னார்:

"ஒத்தப்படையில வச்சாத்தான் பங்கு பிரிக்க ஏலாது. கட்டிக்கிறவுகளும் பிரிய மாட்டாக."

எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. மூன்று பேருக்கு ஆளுக்கு ஏழாகப் பிரிக்கலாமே என்றேன். மாமா முறைத்தார். மாப்பிள்ளையின் அப்பா சகுனம் பார்க்கிற மனுஷர். அவர் முகம் சுருங்கி, இன்னொரு நாள் பார்க்கலாமே என்று இழுத்தார். காலையிலிருந்து குனிந்தே உட்கார்ந்திருந்த சித்தி அப்போதுதான் தலை நிமிர்ந்தாள்.

வந்த சம்பந்தம் கைநழுவுமோ என்று மாமாவுக்கு வியர்த்துவிட்டது. எங்கள் வீட்டுத் தட்டு நாலில் தேங்காய் பழம் வைத்து இருபத்தைந்து ஆக்கினார். ஐயைந்து இருபத்தைந்து என்றேன். மாமா என் காதைத் திருகினார்.

"அப்ப எதத்தான்டி பிரிக்க ஏலாது? நீயே சொல்லித் தொலை."

இரண்டை எடுத்துவிடச் சொன்னேன். மாப்பிள்ளையின் அப்பா விரல்விட்டு எப்படியெல்லாமோ வகுத்துப் பார்த்தார். ஒன்றும் நடக்கவில்லை. சிரித்துக்கொண்டே தாம்பூலம் மாற்றக் கை நீட்டினார்.

அவர்கள் கொண்டுவந்த சேலையை உடுத்த உள்ளே போகும்போது சித்தி என்னைக் கதவோரம் இழுத்தாள்.

"ஏத்தா, இருபத்திமூணு உடையவே உடையாதா? செத்த நேரம் நல்லா ரோசிச்சுப் பாரு. ஒரு வழியும் இல்லையா?"

வாத்தியாரைப் போல அவளும் என்னைச் சோதிக்கிறாள் என்று நினைத்தேன். பெருமை தாங்கவில்லை. கூடத்துக்கும் கேட்கும்படி உரக்கச் சொன்னேன்:

"ஒரு வழியும் இல்ல சித்தி."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சேலை மாற்றப் போனாள். விடை சரியாக இருந்தும் ஏன் அழுதாள் என்று எனக்கு விளங்கவில்லை. பந்தியில் என் இலையில் இன்னொரு வடை வைக்கச் சொன்னார் மாமா.