ஓடையை யார் வெட்டுவது

மாமாவின் மம்பட்டி கொழிஞ்சாம்பாறையில் என் வீட்டு மாடிப்படிக்கு அடியில் சாய்ந்திருக்கிறது. இடி இடித்தால் என் கண் முதலில் அங்கேதான் போகும். அது இடத்தில் இருந்தால்தான் எனக்கு மூச்சு வரும்.

ஏலப்பாறைக்கு மேலே சரிவில் இருந்தது மாமா வீடு. எஸ்டேட் வேலையிலிருந்து ஓய்வு பெற்றதும் வாங்கிய துண்டு நிலம். அவருக்கும் பக்கத்து நிலத்துக்காரருக்கும் நடுவே ஒரு ஓடை. மலைத் தண்ணீர் வீட்டுப் பின்சுவரில் இறங்காமல் திருப்பிவிடுவது அதுதான். அது யாருடையது என்று வழக்கு. கீழ்க்கோர்ட்டில் மாமா ஜெயித்தார், பக்கத்துக்காரர் அப்பீல் போனார். வழக்கு நடந்த வருஷங்களில் ஒரு கூத்து நடக்கும். ஜூனில் பிடிக்கும் இடவப்பாதி மழைக்கு முன்னால் மாமா ஓடையை வெட்டிச் சுத்தம் செய்வார், அது தன் அனுபவத்தில் இருக்கிறது என்று ஊர் பார்க்க. அடுத்த வாரமே பக்கத்துக்காரர் அதே ஓடையை இன்னும் ஆழமாக வெட்டுவார், அதே காரணத்துக்காக. வீம்பு பிடித்த கிழங்கள்! அந்த வீம்பில் ஓடையில் ஒரு இலை தங்கியதில்லை.

கடைசியில் இருவருக்கும் கோர்ட்டுக்கு அலைந்து அலுத்துவிட்டது. ராஜி பேசினார்கள். ஓடை பக்கத்துக்காரருக்கு, ரோட்டுக்கு இறங்கும் வழி மாமாவுக்கு, இனி ஒருவர் எல்லைக்குள் மற்றவர் கால் வைக்கக் கூடாது. கையெழுத்துப் போட்டு, கைகொடுத்து, கோர்ட் கேண்டீனில் ஒன்றாக டீ குடித்தார்கள். அத்தை மட்டும் கேட்டாள்: "ஏங்க, ராஜியெல்லாம் சரி. இனி ஓடைய யாரு வெட்டுவா?"

"அது அவன் பாடு. நீ சும்மா கெட" என்றார் மாமா. நாங்கள் எல்லோரும் சிரித்தோம்.

அடுத்த மழைக்கு ஓடையை யாரும் வெட்டவில்லை. யாருக்கும் எதையும் நிரூபிக்க வேண்டியிருக்கவில்லையே! நான் போயிருந்தபோது சேறும் சருகும் ஓடையின் விளிம்புவரை ஏறியிருந்தன. மாமா மம்பட்டியோடு வேலியருகே நின்றார்.

"ரெண்டு எட்டுதானே மாமா, போய் வெட்டிருங்க."

"ஒத்துக்கிட்டுக் கையெழுத்துப் போட்டிருக்கேன்டா. கால வச்சா மறுபடி கேஸு."

"அவர்கிட்ட ஒரு வார்த்த கேட்டா என்ன?"

"நானா போய்க் கேக்கணும்?"

பக்கத்துக்காரரிடம் நானே போனேன். "வேணும்னா அவரு வந்து கேக்கட்டும்" என்று அவரும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அடுப்படியில் அத்தை பின்சுவரோரம் இருந்த பாத்திரங்களை இந்தப் பக்கம் நகர்த்திக்கொண்டிருந்தாள். "செவரு வேர்க்குதுய்யா" என்றாள். தொட்டுப் பார்த்தேன். ஜில்லென்று இருந்தது.

நான் ஊர் திரும்பிய மறுவாரம், அத்தை காலையில் அடுப்புப் பற்றவைக்கப் போனபோது சரிவு இறங்கியது. முதலில் வேலி தாண்டி ஓடிவந்தவர் பக்கத்துக்காரர்தானாம். கையாலேயே மண்ணை வாரினாராம். மாமா இந்த மம்பட்டியால் தோண்டினாராம். இரண்டு பேரும் சேர்ந்துதான் அத்தையை வெளியே எடுத்தார்கள். உயிர் இல்லை. இப்போது நினைத்தாலும் அந்த இரண்டு பேர் மேலும் எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வருகிறது. யாரிடம் போய்க் காட்ட?

மாமா இப்போது என்னோடு இருக்கிறார். போன வாரம் சாயங்காலம் இடி இடித்தது. படிக்கு அடியில் பார்த்தேன், மம்பட்டி இல்லை. தெருவுக்கு ஓடினேன். எங்கள் வாசல் சாக்கடையை வெட்டி முடித்துவிட்டு, அடுத்த வீட்டு வாசலில் குனிந்திருந்தார் மாமா.

"ஏனுங்க பெரியவரே, அது எங்க ஊட்டுச் சாக்கடைங்க" என்று அந்த வீட்டுக்காரர் வெளியே வந்தார்.

மாமா நிமிரவில்லை. "தெரியும்யா. ஒங்க எல்லைதான். கேக்காமத்தான் வந்தேன்" என்று சொல்லிவிட்டு, மழை விழ விழ வெட்டிக்கொண்டே இருந்தார்.