படத்தில் வந்த பொலிஸ்காரர்

லூசியன் செத்துப்போனார்... இங்கே நியூசிலாந்தில், பாட்டனி டவுன்ஸில் ஒரு சப்பாத்துக் கடைக்குள், ஒற்றைக் காலில் புதுச் சப்பாத்தோடு இருந்து போனில் பார்த்தேன்.

ஐம்பத்தெட்டு வயது மனிதன் கடைக்குள் இருந்து அழுகிறேன். விற்கிற பிள்ளை, கால் இறுக்குகிறது என்று நினைத்து, பெரிய சைஸ் எடுத்துக்கொண்டு ஓடி வருகிறாள்.

"அப்பா, ஹூ இஸ் டெட்?" என்றாள் கூட வந்த மகள்.

"ஒரு பிரெஞ்சு நடிகர்."

"ஃபேமஸா?"

"இல்லை..."

அதற்குமேல் அவள் கேட்கவில்லை. இந்த ஊரில் வேறு யாரிடம் சொல்வது? அதுதான் இங்கே எழுதுகிறேன்.

நாற்பது வருஷம் நடித்தவர். எல்லாம் துண்டு வேடம். வெயிட்டர், பாதிரியார், இரண்டு தரம் பிணம்... அதிகமாகப் பொலிஸ். கதவைத் தட்டுவார், பேப்பர் கேட்பார், போய்விடுவார். மூன்று நிமிஷம்.

நான் பாரிஸில் விசா இல்லாமல் கோப்பை கழுவிய காலம் அது. அறையில் ஆறு பேர், ஒரு டீவி. அவர் முகம் எனக்குப் பாடம்.

ஒரு மத்தியானம் ரெஸ்டாரண்ட் குசினியின் பின்கதவால் அதே முகம், அதே சாம்பல் நிற மழைக்கோட்டு உள்ளே வருகிறது. ஓடிப்போய்க் குளிர் அறைக்குள் ஒளிந்துகொண்டேன். மீன் பெட்டிகளோடு அரை மணித்தியாலம்.

குக் தேவண்ணைதான் வந்து கதவைத் திறந்தார். "டேய் விசரா, அது படத்தில வாற பொலிஸடா! நெருப்பெட்டி கேட்டு வந்த மனுசன். வெளியில வா!"

விஷயம் தெரிந்ததும் லூசியன் என் கையைப் பிடித்துக் குலுக்கினார், விடவே இல்லை. தன் நடிப்பை இவ்வளவு நம்பிய ஆள் வேறு இல்லையாம். கோட்டு அவருடைய சொந்தக் கோட்டு. துண்டு வேடக்காரனுக்கு யார் உடுப்புத் தைப்பார்கள் என்று சிரித்தார்.

பிறகு சிகரெட் பிடிக்க அந்தப் பின்கதவுக்குத்தான் வருவார். பாலசுப்பிரமணியம் என்ற என் பெயரை வசனம் மாதிரிப் பாடமாக்கினார். பிழை விட்டால் முதலில் இருந்து தொடங்குவார்.

இங்கே வேலையில் இருபது வருஷமாக நான் வெறும் 'பாலா'.

இங்கே பிளாட் புஷ்ஷில் எங்கட வீட்டில் அவர் படம் கிடைத்தால் போட்டுப் பார்ப்பேன்.

"உங்கட ஆள் இன்னும் வரேல்லையே?" என்பாள் மனைவி.

"வந்திட்டுப் போயிட்டார். நீர் தேத்தண்ணி போடப் போன நேரம்."

எனக்கு நியூசிலாந்தில் கலியாணம் பொருந்தி விசாவும் வந்த கிழமை... அதே பின்கதவில் நின்று, புதுப் படத்தில் தனக்கு எட்டு நிமிஷம் என்றார் லூசியன். அழுகிற காட்சியும் உண்டாம். அவ்வளவு பெரிய வேடம் அவருக்கு அதுதான் முதல்.

"நாளைக்கு வந்து நடித்துக் காட்டுகிறேன். நீதான் பார்த்துச் சொல்ல வேண்டும்."

ஓம் என்று தலையாட்டினேன்.

போய் வாங்கோ, லூசியன். அடுத்த நாள் விடியக் காலமை எனக்கு பிளைட் என்று நான் அன்றைக்குச் சொல்லவில்லை.