கால் பார்க்கும் மனிதர்

காப்பிக் கடையில் ரெஜிஸ் வோக்லன் மேசைக்கடியில் குனிந்தால், சாவியைத் தேடுகிறார் என்று நினைத்துவிடாதீர்கள். அடுத்தவர்களின் கால்களைப் பார்க்கிறார். புது மெட்டு ஒன்றைச் சும்மா முணுமுணுப்பதுபோல் முணுமுணுப்பார். பக்கத்தில் நிற்கும் கசாப்புக் கடைக்காரரின் கால் தாளம் போட்டால் மெட்டு தேறியது. இல்லையென்றால் அதோடு சரி. "மூஞ்சி மரியாதைக்குச் சிரிக்கும் மிரெய். கால் அப்படி இல்ல" என்பார் என்னிடம்.

அவர் மெட்டுக்கு முதலில் வார்த்தை இருக்காது. இங்கிலீஷ் மாதிரி ஒலிக்கும், ஆனால் எந்த மொழியிலும் சேராத உளறல். எங்கள் பாட்டுக்காரர்கள் அதற்கு வைத்திருக்கும் பெயர் 'தயிர்'. அந்தத் தயிரை எடுத்துவைத்துக்கொண்டு வார்த்தை எழுதுவது என் பிழைப்பு. ஏப்ரல் பாட்டும் அப்படி வந்ததுதான். கடலுக்குப் போகிற பையன், "ஏப்ரல்ல வந்துடுவேன்" என்று காதலியிடம் சொல்லும் பாட்டு. இன்றைக்கும் பிரான்சில் அது இல்லாமல் ஒரு கல்யாணம் நடக்காது. இரண்டு கிளாஸ் ஒயின் உள்ளே போனதும் மாமனார்களே நாற்காலி மேல் ஏறிவிடுவார்கள்.

அப்பேர்ப்பட்டவர் அறுபத்திரண்டு வயதில் இசை நாடகம் போடுகிறேன் என்று கிளம்பினார். "நம்ம பாட்டுல எல்லாரும் நின்ன இடத்துலயே நின்னு பாடுறாங்க. எனக்கு ஒருத்தராவது நடந்து போகணும்" என்றார். வானொலி நண்பர்கள் சிரித்தார்கள். நாடகக்காரர்கள் இன்னும் பலமாகச் சிரித்தார்கள். இது கவிழ்ந்தால் மறுபடி யாரும் அவருக்கு மேடை தரமாட்டார்கள் என்பது எங்கள் இருவருக்கும் தெரியும்.

கதை ஒரு மீன்பிடித் துறைமுகத்தில் நடக்கிறது. மகன் கடலில் மூழ்கிவிட்டான் என்று தாய்க்குச் சேதி வரும் இடத்தில் ஏப்ரல் பாட்டை வைத்தார். கிளம்பும்போது அவன் தனக்கும் கொடுத்த அதே வாக்கை அவள் நினைத்துப் பாடுகிறாள். பொருத்தமாகத்தான் இருக்கிறது என்று நானும் தலையாட்டினேன்.

அரங்கேற்றத்துக்கு முந்தின நாள் முன்காட்சி. அரங்கம் நிறைந்திருந்தது. தாயாக நடிக்கும் சோலென், மகனின் கம்பளிச் சட்டையை மடியில் வைத்துக்கொண்டு, "ஏப்ரல்ல..." என்று மெல்ல ஆரம்பித்தாள். அடுத்த வரியை ஜனம் பாடியது. ஐயோ, கையும் தட்டியது! தாளம் பிசகாமல், வாயெல்லாம் பல்லாக, வரிசை வரிசையாகத் தோளை ஆட்டிக்கொண்டு. நான் எழுதிய வார்த்தைகள் அவை. சட்டையைப் பிடித்தபடி சோலென் பாடி முடித்தாள்.

உடையைக்கூட மாற்றாமல் நேரே எங்களிடம் வந்தாள். "என் புள்ள செத்துட்டான் ரெஜிஸ். ஊரே கை தட்டுது."

அவர் முகத்தில் ஈயாடவில்லை. "நான்தாம்மா தட்டப் பழக்கினேன்" என்றார். பியானோ மேல் இருந்த ஏப்ரல் பாட்டுத் தாள்களை எடுத்து நாலாக மடித்துக் கோட்டுப் பைக்குள் திணித்தார். தயாரிப்பாளர் லுதோவிக் ஓடி வந்து, அந்தப் பாட்டுக்காகத்தானே ஜனம் வருகிறது, உனக்கென்ன பித்துப் பிடித்துவிட்டதா என்று கத்தித் தீர்த்தார். ரெஜிஸ் காதில் வாங்கவே இல்லை.

மறுநாள் காலை புது மெட்டோடு வந்தார். வழக்கம்போல் வெறும் தயிர். அரங்கேற்றமோ அன்று மாலையே. எனக்கு ஒரு வாரமாவது வேண்டும் என்றேன்.

"வார்த்தை வேணாம் மிரெய். இப்படியே பாடட்டும். அந்த நேரத்துல பெத்தவளுக்கு என்ன வார்த்தை வரும்?"

தூக்கிவாரிப் போட்டது. இத்தனை வருஷத்தில் என் வார்த்தை இல்லாமல் அவர் மெட்டு வெளியே போனதே இல்லை. கோபத்தில் மதியம் அவரோடு சாப்பிடவும் உட்காரவில்லை.

மாலையில் கடைசி வரிசைக்குப் பின்னால் படிக்கட்டில் இருவரும் உட்கார்ந்திருந்தோம். சேதி வந்தது. சோலென் சட்டையை எடுத்தாள். ஏப்ரல் பாட்டுக்காக யாரோ தொண்டையைச் செருமிக்கொண்டார்கள். அவளோ எந்த ஊர்ப் பேச்சும் இல்லாத அந்த உளறலைப் பாடினாள். என்னிடம் அதற்கு ஒரு வார்த்தையும் இருந்திருக்காது.

ரெஜிஸ் பழக்கதோஷத்தில் குனிந்து, நாற்காலிகளுக்கு அடியில் பார்த்தார். நானும் பார்த்தேன். ஒரு கால் அசையவில்லை. படிக்கட்டில் மட்டும் ஒரு செருப்பு மெல்லத் தட்டிக்கொண்டிருந்தது. சத்தம் வந்த பக்கம் முறைப்போடு திரும்பினார். அவருடைய கால்தான். முழங்காலை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டார்.