பச்சையம்மா அசைந்த நாலு நிமிஷம்

தாம்பரத்தில் பூகோள வாத்தியாராக இருந்த வேதசிரோமணி, 1966இல் ஊருக்குத் திரும்பவிருந்த வெள்ளைக்காரப் பாதிரியார் ஒருவரிடம் ஒரு பழைய சினிமா கேமராவை வாங்கினார். சாவி கொடுத்தால் ஓடும். சனிக்கிழமைதோறும் இரண்டு பஸ் மாறிக் கோவளம் போவார். கட்டுமரங்கள் கரையேறுவதையும் பெண்கள் மீன் விற்பதையும், யாரும் நடிக்காமல் நடக்கிறபடியே எடுக்க ஆசை.

கேமராவைத் தூக்கினாலே எல்லோரும் தலையை வாரிக்கொண்டு விறைப்பாக நின்றார்கள். பிலிமும் லேசில் கிடைக்கவில்லை. ஆகவே, அவர்களுக்குப் பழகட்டும் என்று வெறும் கேமராவை ஓடவிட்டபடி மணலில் உட்கார்ந்திருந்தார். அந்தச் சின்னக் கண்ணாடிக்குள் அலைகளும் மனிதர்களும் மிதந்து போவதைப் பார்க்கப் பார்க்க, பிலிமே வேண்டாம் என்றுகூடச் சில நாள் தோன்றும்.

மீன் விற்கும் பச்சையம்மா ஒருநாள் கேட்டாள். "இன்னா சார், எப்பத்தான் படம் காட்டுவே?"

"பிலிமே இல்லம்மா. சும்மாதான் ஓட்டறேன்."

அவள் சிரித்த சிரிப்பில் கரையே திரும்பிப் பார்த்தது. அதன்பிறகு யாரும் அவரைக் கண்டுகொள்ளவில்லை.

மூன்று மாதம் கழித்து, சிங்கப்பூர் உறவுக்காரர் நாலு நிமிஷம் ஓடும் பிலிம் ரீல் ஒன்று கொண்டுவந்தார். அதைப் போட்டுக்கொண்டு போனவர் யாரிடமும் சொல்லவில்லை. அன்றைக்குப் பார்த்து, பச்சையம்மாவின் புருஷன் போன கட்டுமரம் மட்டும் திரும்பவில்லை. பனிமூட்டத்தில் கடலும் வானமும் ஒரே வெள்ளை. கூடையைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்து, அவள் அந்த வெள்ளையையே பார்த்துக்கொண்டிருந்தாள். உதடுகள் மட்டும் அசைந்தன. அவர் கேமராவை இறக்கவில்லை. பத்து மணிவாக்கில் மரம் கரைக்கு வந்தது.

பம்பாய்க்குப் போய்க் கழுவி வந்த ரீலை வீட்டுச் சுவரில் ஓட்டினார். மனைவி ரத்தினபாய் சொக்கிப்போய்ப் பார்த்தாள். முடிந்ததும், "இதை எடுத்தது அவங்களுக்குத் தெரியுமா?" என்றாள்.

அந்தச் சனிக்கிழமையே புரொஜக்டரை இரவல் வாங்கிப்போய், கோவளத்துப் பள்ளிக்கூட ஜன்னல்களைச் சாக்கால் மறைத்துப் படம் காட்டினார். தங்கள் முகங்களைக் கண்டு கூச்சல் போட்டவர்கள், படத்தில் பச்சையம்மா வந்ததும் அடங்கிப்போனார்கள்.

"பிலிம் இல்லேன்னியே சார்?" என்றாள் கூட்டத்தில் இருந்த பச்சையம்மா.

"சொன்னேன். அன்னிக்குப் போட்டிருந்தேன். சொல்லாம எடுத்தது தப்புதாம்மா. அந்தத் துண்டை வெட்டிடறேன்."

"இரு. இன்னொரு தபா போடு."

போட்டார். "பாவம், சாமி கும்பிட்டுகினு கீது" என்றாள் ஒருத்தி.

"சாமியாவது! எம் புருசனைத் திட்டிகினு இருந்தேன்."

அறை முழுக்கச் சிரிப்பு. பச்சையம்மா மட்டும் சுவரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "இம்மாம் நேரமா அங்கியே குந்திகினு இருந்தேன்?" என்றாள் மெதுவாக. பிறகு, "வெட்டாதே சார். இனிமே பிலிம் போட்டா மட்டும் சொல்லிடு."

பத்து வருஷம் சொன்னார். அதனால் அவர் எடுத்த எல்லாப் படங்களிலும் முதலில் ஜனங்கள் நேராக நம்மையே பார்ப்பார்கள். அலுத்த பிறகுதான் அவரவர் வேலைக்குத் திரும்புவார்கள். அந்த ஆரம்பத்தை வெட்டிவிடலாமே என்று பட்டணத்துத் திரைப்படச் சங்கத்தில் ஒருவர் சொன்னார். "அவங்க என்னைப் பாக்கற நேரம் சார் அது" என்றார் வேதசிரோமணி.

1976இல் ஊரப்பாக்கம் ஸ்டேஷனில் எடுத்தபோது, ரயிலுக்குக் காத்திருந்த ஒரு பெண்ணுக்கு அலுக்கவே இல்லை. நாலு நிமிஷ ரீல் முழுக்க அவரையே பார்த்து நின்றாள். அவள் முதுகுக்குப் பின்னால் ரயில் வந்தது, நின்றது, அவளை ஏற்றாமலே போயிற்று.