செப்புத் தகட்டின் கடைசி வரி

அந்தச் செப்புத் தகட்டின் கடைசி இரண்டு வரிகளை அழித்தவள் நான். அழித்ததோடு நிற்கவில்லை... வரும்போதே அவை தேய்ந்திருந்தன என்று பதிவேட்டிலும் எழுதி வைத்தேன்.

கும்மிடிப்பூண்டி ரயில் நிலையத்துக்குப் பின்னால், பழைய நெல் கிடங்கின் முன்னறைதான் எங்கள் அருங்காட்சியகம். ஞாயிறு மட்டும் திறப்போம். யாருக்கும் சம்பளம் கிடையாது. ரயில்வேயில் டிக்கெட் கொடுக்கும் ஏகாம்பரம் சார், இரண்டு பள்ளி ஆசிரியைகள், நான். மற்ற நாட்களில் எனக்குத் தொழிற்பேட்டையில் ஓர் உருக்காலையின் ஆய்வுக்கூடத்தில் வேலை. வேதியியல் படித்தவள், எதையும் வரிசை எண் போட்டு எழுதுகிறவள் என்று பதிவேட்டை என்னிடம் கொடுத்தார்கள்.

விதிகளைச் சுவரில் எழுதி ஒட்டியவளும் நானே. ஒன்று, பொருளுக்கு எண் கொடுக்க வேண்டும். இரண்டு, எழுத்து இருந்தால் படியெடுக்க வேண்டும். மூன்று, அதன் பிறகே சுத்தம் செய்ய வேண்டும்.

இந்தத் தகட்டுக்கு மட்டும் இரண்டாவதை அடுத்த ஞாயிறு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டேன்.

தகட்டைக் கொண்டுவந்த தேசம்மா பழவேற்காட்டு ஏரிக்கரைக் குப்பத்துக்காரி. ஏரியில் யார், எந்த நாள், எங்கே வலை போடுவது என்று அங்கே முறை வைத்திருக்கிறார்கள். அதற்குப் பாடு என்று பெயர். அந்த உரிமை பெற்ற முன்னோர் பத்தொன்பது பேரின் பெயர்கள், வரிக்கு ஒன்றாக, தகட்டில் கீறப்பட்டிருந்தன. ஆண்டுக்கு ஒரு வீட்டில் இருக்கும் தகடு, அந்த ஆண்டு அவள் வீட்டில் இருந்தது.

"எல்லாரும் பாத்தப்புறம் பத்திரமா குடுத்துடு கண்ணு. கடைசி பேரு அங்கமுத்து, எங்க ஊட்டுக்காரரோட தாத்தா" என்றாள்.

வெறுங்கண்ணால் படிக்க முடியாத பொடி எழுத்து, லென்ஸ் வைத்துப் பார்த்தேன். மேலே பளபளப்பாக இருந்தது; அடியில் மட்டும் விடாத பச்சைக் களிம்பு படிந்திருந்தாலும் படிக்க முடிந்தது. அங்கமுத்து. ஆம், என் கண்ணால் படித்தேன்!

களிம்பை எடுக்க, ஆலையிலிருந்து கொண்டுவந்த நைட்ரிக் அமிலத்தில் தண்ணீர் கலந்து, தகட்டின் அடிப்பக்கத்தை அதில் சாய்த்து வைத்தேன். ஒரு நிமிடம் போதும். அதற்குள் மற்றப் பொருள்களின் பட்டியலில் நாலு வரி எழுதலாமே என்று உட்கார்ந்தேன்... எழுதிக்கொண்டே போனேன். நிமிர்ந்தபோது தட்டில் இருந்த நீர் நீலமாகியிருந்தது. கரைந்த செம்பின் நிறம் எனக்குத் தெரியாதா?

ஆழமில்லாமல் கீறிய எழுத்துகள். கடைசி இரண்டு வரிகள் இருந்த இடத்தில் வெறும் உலோகம் இளஞ்சிவப்பாக மின்னியது.

உப்புநீர் தடவி அதைக் கறுக்க வைத்தேன். பிறகு பதிவேட்டைத் திறந்தேன். என் கையெழுத்து கொஞ்சமும் கோணவில்லை.

இரண்டு மாதம் கழித்துக் குப்பத்தில் தகராறு. ஏரியில் மீன் குறைந்துவிட்டது, பங்கைக் குறைக்கப் பார்த்தார்கள். பதினெட்டாவது பெயருக்கு வாரிசு இல்லை. தேசம்மா குடும்பமோ வடக்கே இருந்து பிழைக்க வந்தது, இத்தனை நாளும் இரக்கப்பட்டுத்தான் பாடு விட்டோம் என்றார்கள். தகட்டைப் பார்த்துத் தீர்ப்பது என்று தலைவரும் நாலைந்து பேரும் வந்தார்கள். தேசம்மாவும் வந்தாள்.

"இன்னா தேசம்மா, உங்க தாத்தன் பேர மீனு தின்னுட்ச்சா?" என்றார் ஒருவர். சிரித்தார்கள்.

"வாயக் கழுவு நைனா! படிச்ச பொண்ணு கீது, அதக் கேளு."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். 'நான் படித்தேன், அங்கமுத்து என்று இருந்தது, நான்தான் அழித்துவிட்டேன்.' இவ்வளவு போதும். ஒரு குடும்பத்தின் ஏரி அவர்களிடமே இருந்திருக்கும். நான் பதிவேட்டை எடுத்து, நான் எழுதியதை நானே உரக்கப் படித்தேன்.

தேசம்மா தகட்டின் அடிப்பக்கத்தை விரலால் தடவிப் பார்த்தாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்:

"கொண்டாறதுக்கு முன்னாடி, பளபளன்னு இருக்கட்டும்னு நாந்தான் புளி போட்டுத் தேச்சேன்... புளிக்கு எழுத்து பூடுமா கண்ணு?"

புளிக்குப் போகாது. எனக்குத் தெரியும். என் படிப்பே அதுதான்!

"புளியிலயும் ஆசிட் இருக்கும்மா" என்றேன்.

"ஐயோ, எங்க சோத்துல நானே மண்ணள்ளிப் போட்டுட்டனே!" என்று தலையில் அடித்துக்கொண்டாள். ஏகாம்பரம் சார் அவளுக்குத் தண்ணீர் கொடுத்தார். தலைவர் தகட்டைத் துணியில் சுற்றிக்கொண்டு போனார்.

மூன்று ஆண்டுகள் ஆகின்றன. அவள் கணவர் அதே ஏரியில் அடுத்தவர் வலைக்குக் கூலியாகப் போகிறார். சண்டை வந்தால், 'உன் கையாலதானே போச்சு' என்பாராம். அவளே சொன்னாள், கருவாட்டுக் கூடையோடு கடைத்தெருவில் என்னைப் பார்த்தபோது. என் மேல் அவளுக்குக் கோபமே இல்லை. கோபப்படக் காரணம் அவளுக்கு எப்படித் தெரியும்?

போன மாதமும் பார்த்தேன். இப்போதெல்லாம் மீன் குழம்புக்கு மாங்காய்தான் போடுகிறாளாம். "புளியக் கையால தொடறதே இல்ல கண்ணு, பைத்தியம் புட்ச்சிக்கிச்சு எனக்கு" என்று சொல்லிச் சிரித்தாள்.

நானும் சிரித்தேன்.