சவிரிமுத்து சாகும் காட்சி

சவிரிமுத்து மாமா மெக்சிக்கோவில் பதினொரு படங்களில் நடித்தவர். ஒன்பதில் செத்தார். இப்போது லண்டன் ஃபாரஸ்ட் கேட்டில் மீன்கடை வைத்திருக்கிறார். எங்கள் கத்தோலிக்கக் கோயில் சனம் அவரை ‘மெக்சிக்கோ’ என்றுதான் கூப்பிடும்.

கனடாவுக்கு அனுப்புவதாகக் கூட்டிச்சென்ற ஏஜென்சிக்காரன் 1988இல் அவரை மெக்சிக்கோ நகரத்தில் விட்டுவிட்டு மறைந்தான். படப்பிடிப்புக்குச் சாப்பாடு தூக்கப் போனவரை, முகத்தைப் பார்த்து நடிக்க நிறுத்தினார்கள். கம்பள வியாபாரி, பாம்பாட்டி, இந்திய வைத்தியர். வசனம் கிடையாது. படம் தொடங்கி அரை மணி நேரத்துக்குள் யாராவது கத்தியால் குத்திவிடுவார்கள்.

1990இல் மன்னாரில் அவருடைய அம்மா மதலேனாள் இறந்த செய்தி, இரண்டு மாதம் பிந்திக் கடிதத்தில் வந்தது. இறந்தவரின் ஆன்மாவுக்காக ஒப்புக்கொடுக்கும் முப்பத்தோராம் நாள் பூசைக்கும் நாள் கடந்திருந்தது. அந்தக் கிழமை அவர் ஒரு கப்பல் தொழிலாளியாகச் சாகவேண்டியிருந்தது. தொன் எர்னெஸ்தோ என்ற இயக்குநர் அவர் கையைப் பிடித்து, “உன்னுடைய மொழியிலேயே எதையாவது சொல்லிவிட்டுச் சா, படத்தில் அப்படியே வைப்பேன்” என்றாராம். மாமா அம்மாவின் பெயரைச் சொல்லி, இறந்தவர்களுக்கான செபத்தை முழுதாகச் சொன்னார்.

அதன்பிறகு அம்மாவுக்கு அவர் ஒரு பூசைகூட ஒப்புக்கொடுக்கவில்லை.

“அது முடிஞ்சுது. படம் ஓடுற இடமெல்லாம் அம்மாவுக்குச் செபம்தானே.”

“ஓம், உங்கடை அம்மாவின்ரை பூசைக்கு மட்டும் டிக்கெற் வித்தவங்கள்” என்பார் அவர் மனைவி பெர்னடெற் மாமி.

ஊரில் போர் முடிந்த 2009 ஆவணியில் எங்கள் கோயிலில் இறந்தவர்களின் பெயர்களை வாசிக்கவே பத்து நிமிடம் எடுத்தது. மதலேனாள் மட்டும் அதில் இல்லை. பட்டம் முடித்து வேலை தேடிக்கொண்டிருந்த நான் இணையத்தில் அந்தப் படத்தின் டிவிடியைத் தேடி வாங்கினேன். நூலகக் கணினியில் போட்டுப் பார்த்தேன். ஹெட்போன் இல்லை. மாமாவின் முகம் இருந்தது, உதடு அசைந்தது. அதற்குமேல் என்ன வேண்டும் என்று நினைத்தேன்.

ஞாயிறு பூசை முடிந்து கோயில் மண்டபத்தில் திரை கட்டினோம். மாமா தலைக்குச் சாயம் பூசி, கோட் போட்டு, முன்வரிசையில் இருந்தார்.

“இனி வாறதைக் கவனமாக் கேளுங்கோ” என்றார்.

திரையில் அவர் விழுந்துகிடந்தார். வாய் திறந்தது. வேறொருவனின் கனத்த குரல் ஸ்பானிஷில் பேசியது.

ஒருவரும் சிரிக்கவில்லை.

“என்னவாம்?” என்று மாமி மெதுவாகக் கேட்டார்.

“தண்ணி கேக்கிறன்.”

படம் முடியும்வரை மாமா எழும்பவில்லை. பிறகு என்னிடம் வந்தார்.

“நீ முதலே பாக்கேல்லையோ, பிள்ளை?”

“பாத்தனான் மாமா. சத்தம் கேக்கேல்லை.”

“கையைப் பிடிச்சல்லோ சொன்னவன்” என்றார். “பத்தொன்பது வருசமா அம்மா சும்மா கிடந்திருக்கிறா.”

நான் புரொஜெக்டரின் வயரைச் சுற்றிக்கொண்டு நின்றேன். அவர் கதிரை அடுக்கிக்கொண்டிருந்த பங்குச்சுவாமியிடம் போனார்.

“சுவாமி, அம்மாவுக்கு ஒரு பூசை வேணும். பேர் மதலேனாள்.”

சுவாமி கொப்பியை எடுத்தார். “ஆண்டு நினைவோ?”

“இல்லை” என்றார் மாமா. “முப்பத்தொண்டு.”