மிதிபட்ட கதிர்

எதிரே வரும் ரயிலுக்கு வழிவிட எங்கள் ரயில் இந்தச் சின்ன ஸ்டேஷனில் இருபது நிமிடம் நிற்கிறது. ஜப்பானின் வடக்குப் பக்கம். இலைகள் சிவக்கத் தொடங்கிவிட்டன. பிளாட்பாரத்தை ஒட்டியே வயல். அறுத்த நெல்லைக் கட்டுக்கட்டாகக் கழிகளில் தலைகீழாகத் தொங்கவிட்டுக் காயவைத்திருக்கிறார்கள். வைக்கோல் வாசம் என்னை இறங்க வைக்கிறது.

வரப்பில் கிடந்த கதிர் ஒன்றை மிதித்துவிடுகிறேன். நன்னிலத்துக்காரன் கை சும்மா இருக்குமா? எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறேன்.

கட்டுகளைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்த விவசாயி அதைப் பார்த்துவிடுகிறார். என் வயதுதான் இருக்கும். "உங்க ஊர்லயும் நெல்லுதானா?" என்று அவர் மொழியில் கேட்கிறார். இரண்டு வருடத்தில் நான் கற்ற ஜப்பானியம் அதற்குப் போதும்.

"ஆமாங்க. இப்பதான் நடவு. அறுப்பு ஜனவரியில."

"ஜனவரியா! இங்க இடுப்பளவு பனி கிடக்கும்." சிரிக்கிறார். "அறுப்புக்கு ஊருக்குப் போவீங்கல்ல?"

போன ஞாயிற்றுக்கிழமை போனில் என் மனைவியும் இதையேதான் கேட்டாள். "செர்ரி பூத்ததும் வரேன்னீங்க. அப்புறம் அங்க மழை முடியட்டும்னீங்க. இப்ப இலை சிவக்குதுங்கிறீங்க. தை அறுப்புக்காவது வந்துடுவீங்களா?"

வேலையை இன்னும் ஒரு வருடம் நீட்டிக் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் அவளுக்குப் போன் செய்திருந்தேன்.

விசில் கேட்கிறது. "நிச்சயமா" என்று அவளிடம் சொன்ன அதே பொய்யை இவரிடமும் சொல்லிவிட்டு ரயிலேறுகிறேன். கண்ணில் ஒற்றிய கதிர் இன்னும் கையில் இருக்கிறது.